பாட வந்தவர் நாயகனானார்: பி. ரம்லியின் தொடக்க காலமும் ஜாலான் அம்பாஸ் இந்திய இயக்குநர்களும்

1948ஆம் ஆண்டு ஜூன் மாதம். பினாங்குத் தீவுக்கு எதிர்க்கரையில் உள்ள புக்கிட் மெர்தாஜாமில் விவசாயக் கண்காட்சி நடந்தது. அங்கே மேடை ஏறிய 19 வயது இளைஞர் ஒருவர் ‘அசிசா’ என்ற பாடலைப் பாடினார். பாடலை எழுதி மெட்டமைத்தவரும் அவரே. கூட்டத்தில் நின்று கேட்டவர்களில் ஒருவர் பி.எஸ். ராஜ்ஹான்ஸ். இந்தியாவிலிருந்து வந்து மலாய்ப் படங்களை இயக்கிக் கொண்டிருந்தவர். தமது அடுத்த படத்துக்கு நல்ல குரல் ஒன்றைத் தேடிக் கொண்டிருந்தார். நிகழ்ச்சி முடிந்ததும் அந்த இளைஞரைச் சிங்கப்பூருக்கு வரும்படி அழைத்தார்.

அந்த இளைஞர்தான் பின்னாளில் நாடே கொண்டாடிய பி. ரம்லி. நடிகர், பாடகர், இசையமைப்பாளர், கதாசிரியர், இயக்குநர் என்று எல்லாத் துறையிலும் கால் பதித்த கலைஞர். ஆனால் அன்று அவரை அழைத்தது நடிப்பதற்காக அன்று, பாடுவதற்காகத்தான். பாட வந்தவர் எப்படி நாயகனானார், நாயகன் எப்படி இயக்குநர் நாற்காலியில் அமர்ந்தார் என்பதைப் பார்த்தால் அந்தக் கதையின் ஒவ்வொரு திருப்பத்திலும் இந்தியர் ஒருவர் நிற்கிறார். அவர்களுள் தமிழர்களும் உண்டு. தொலைக்காட்சியில் ரம்லி படங்களைப் பார்த்து வளர்ந்த நம்மவர்களில் பலருக்கு இந்தச் செய்தி தெரியாது.

பினாங்குப் பிள்ளை

பி. ரம்லி 1929ஆம் ஆண்டு மார்ச் 22ஆம் தேதி பினாங்கில் பிறந்தார். இயற்பெயர் தெங்கு சக்காரியா. தந்தை தெங்கு ஞாக் பூத்தே சுமத்ராவின் அச்சே பகுதியிலிருந்து வந்து குடியேறியவர். தாயார் செ மா பட்டர்வொர்த் பக்கத்தைச் சேர்ந்தவர். ‘பி.’ என்ற தலைப்பெழுத்து தந்தையின் பெயரான பூத்தேயைக் குறிக்கும். தந்தை பெயரின் முதலெழுத்தைப் பெயருக்கு முன்னால் போடுவது நம்மவர்களுக்குப் பழக்கமான வழக்கம். மலாய்க்காரர் ஒருவரின் பெயர் இப்படி எழுதப்படுவது அன்று பரவலாக இருந்ததில்லை.

கம்போங் ஜாவா மலாய்ப் பள்ளி, பிரான்சிஸ் லைட் பள்ளி, பிறகு பினாங்கு ஃபிரீ ஸ்கூல் என்று அவரது படிப்பு போனது. ஜப்பானியர் ஆட்சி வந்ததும் படிப்பு நின்றது. அந்த ஆண்டுகளில் ஜப்பானியக் கடற்படை நடத்திய பள்ளியில் சேர்ந்தார். வயலினும் பியானோவும் கற்றார். போர் முடிந்ததும் நண்பர்களோடு இசைக்குழுக்களில் வாசித்தார், பாடினார். பினாங்கு வானொலி நடத்திய பாட்டுப் போட்டிகளில் கலந்து கொண்டு 1947இல் வட மலாயாவின் சிறந்த பாடகர் என்ற பட்டத்தை வென்றார்.

அன்றைய பினாங்கு பல மொழிகளின் இசை ஒன்றாகக் கலந்து ஒலித்த ஊர். கெரோஞ்சோங், இந்திப் படப் பாடல்கள், தமிழ்ப் படப் பாடல்கள், மேற்கத்திய நடன இசை எல்லாமே தெருவில் கேட்கும். மலாய்க்காரர்களின் ‘பங்சாவான்’ மேடை நாடகமே 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பினாங்குக்கு வந்த இந்தியப் பார்சி நாடகக் குழுக்களைப் பார்த்து உருவானதுதான். இத்தகைய ஊரில் காது பழகிய ஒருவருக்குப் பிற்காலத்தில் எந்த வகை மெட்டும் அந்நியமாகத் தோன்றாததில் வியப்பில்லை.

ஜாலான் அம்பாஸ், 8ஆம் எண்

1948 ஆகஸ்டில் ரம்லி சிங்கப்பூர் போய்ச் சேர்ந்தார். பாலஸ்டியர் சாலையிலிருந்து பிரியும் சிறிய தெருவான ஜாலான் அம்பாஸில், 8ஆம் எண் வளாகத்தில், ஷா சகோதரர்களின் மலாய் ஃபிலிம் புரொடக்ஷன்ஸ் படப்பிடிப்புக் கூடம் இருந்தது. ரன்மீ ஷா, ரன் ரன் ஷா ஆகிய இருவரும் மலாயா முழுவதும் திரையரங்குகள் வைத்திருந்தவர்கள். தொடக்க காலத்தில் நடமாடும் திரை கொண்டு சிற்றூர்களிலும் தோட்டங்களிலும் படம் காட்டியே தொழிலை வளர்த்தவர்கள். சொந்த அரங்குகளுக்குப் படம் வேண்டும் என்பதால் சொந்தமாகவே படம் எடுக்கத் தொடங்கினர்.

இந்த நிறுவனத்தின் அமைப்பைத் தெரிந்து கொண்டால்தான் ரம்லியின் வளர்ச்சி விளங்கும். முதலாளிகள் சீனர்கள். நடிகர்கள் மலாய்க்காரர்கள். இயக்குநர்களில் பெரும்பாலோர் இந்தியாவிலிருந்து வரவழைக்கப்பட்டவர்கள். படமெடுக்கும் தொழில் அப்போது இந்தியாவில் நன்றாக வேரூன்றி இருந்தது. மலாயாவில் அதைத் தெரிந்தவர்கள் மிகக் குறைவு. ராஜ்ஹான்ஸ் 1930களிலேயே ‘லைலா மஜ்னுன்’ படத்தை மலாய் மொழியில் இயக்கியவர். மலாய் மொழியின் முதல் பேசும் படம் என்று அதைத்தான் சொல்வார்கள்.

நடிகர்கள் ஒரு படத்துக்கு இவ்வளவு என்று பேசி வாங்கவில்லை. மாதச் சம்பளத்துக்கு வேலை செய்தனர். நிறுவனமே பக்கத்தில் தங்க இடமும் கொடுத்தது. தோட்டத்தில் லயத்து வீடும் மாதச் சம்பளமும் எப்படியோ, அப்படித்தான் இருந்தது அந்த வாழ்க்கை. சம்பளக்காரர் என்பதால் எந்த வேலையும் செய்ய வேண்டும். இன்று வில்லன், நாளை கூட்டத்தில் ஒருவர், மறுநாள் படப்பிடிப்பில் எடுபிடி. ரம்லியும் இப்படித்தான் தொடங்கினார். கேமராவுக்குப் பின்னால் நடப்பதையெல்லாம் அருகிலிருந்து பார்க்கும் வாய்ப்பு அதனால் கிடைத்தது. யாரும் அதைப் பாடமாக நடத்தவில்லை. அவராகவே கற்றுக் கொண்டார்.

குரல் வேண்டும், முகம் வேண்டாம்

முதல் படம் ‘சிந்தா’, 1948. ராஜ்ஹான்ஸ் இயக்கினார். நாயகன் எஸ். ரூமாய் நோர், நாயகி சிப்புட் சரவாக். ரம்லிக்கு வில்லன் வேடம், சிறிய பாத்திரம். ஆனால் நாயகன் திரையில் வாயசைத்த பாடல்களுக்குக் குரல் கொடுத்தவர் ரம்லிதான். பின்னணிப் பாடல் முறை இந்தியாவில் அந்த ஆண்டுகளில் நிலைபெற்றுவிட்டது. இந்திய இயக்குநர்கள் அதை ஜாலான் அம்பாஸுக்கும் கொண்டு வந்தனர். ஆகவே மக்கள் கேட்டு மயங்கிய குரல் ஒருவருடையது. அவர்கள் பார்த்து ரசித்த முகம் வேறொருவருடையது.

‘நூர் அஸ்மாரா’, ‘நீலாம்’ என 1949இலும் துணை வேடங்களே அவருக்கு வந்தன. நாயகன் என்றால் சிவந்த மேனியும் வழவழப்பான முகமும் வேண்டும் என்பது அன்றைய எண்ணம். ரம்லியின் முகத்தில் பருத் தழும்புகள் இருந்தன. இந்த முகத்தைப் பெரிய திரையில் நாயகனாகக் காட்டினால் மக்கள் ஏற்க மாட்டார்கள் என்று நிறுவனத்தில் நினைத்தார்கள். குரலுக்கு இருந்த மதிப்பு அந்தக் குரலுக்கு உரியவருக்கு இல்லை. இரண்டு ஆண்டுகள் இப்படியே ஓடின.

எல். கிருஷ்ணன் பிடித்த பிடி

இந்த நிலையை மாற்றியவர் எல். கிருஷ்ணன் என்ற தமிழர். சென்னையில் பிறந்தவர். சிறு வயதிலேயே பினாங்குக்கு வந்து அங்கேயே வளர்ந்தவர். பிறகு இந்தியாவில் திரைத்தொழிலைக் கற்றுக் கொண்டு சிங்கப்பூர் வந்து சேர்ந்தார். மற்ற இந்திய இயக்குநர்களுக்கு இல்லாத ஒரு வசதி அவருக்கு இருந்தது. மலாய் அவருக்கு நன்றாகத் தெரிந்த மொழி. நடிகர் பேசும் வசனம் இயல்பாக இருக்கிறதா, மேடைப் பேச்சாக இருக்கிறதா என்று மொழிபெயர்ப்பாளர் உதவியின்றி அவரே கேட்டுச் சொல்ல முடியும்.

1950இல் கிருஷ்ணன் இயக்கிய ‘பக்தி’ படத்தில் ரம்லியை நாயகனாகப் போட வேண்டும் என்றார். நிர்வாகம் தயங்கியது. கிருஷ்ணன் விடவில்லை. இன்னொன்றிலும் அவர் உறுதியாக இருந்தார். நாயகன் பாடும் பாடல்களை நாயகனே பாட வேண்டும் என்றார். இரவல் குரலுக்கு வாயசைக்கும்போது முகத்தில் பாட்டு நிற்பதில்லை. பாடுகிறவரே நடித்தால் மூச்சும் பார்வையும் ஒன்றாகச் சேரும். ரம்லியின் குரலும் முகமும் முதன்முறையாக ஒரே திரையில் சேர்ந்தன. நாயகியாக கஸ்மா பூட்டி நடித்தார்.

படத்தின் பெயர் தமிழர்களுக்குப் புதிதன்று. ‘பக்தி’ என்ற வடசொல் மலாயிலும் வழங்குகிறது. அங்கே அது தொண்டு, நன்றிக்கடன் என்ற பொருளில் வரும்.

மக்கள் ரம்லியை ஏற்றுக் கொண்டனர். தழும்பு யாருக்கும் உறுத்தவில்லை. அதே ஆண்டில் ‘தக்டிர் இலாஹி’, அடுத்த ஆண்டில் ‘பெங்ஹிடுப்பான்’, 1952இல் ‘அந்தாரா சென்யும் டான் தாங்கிஸ்’ என்று கிருஷ்ணன் தொடர்ந்து அவரை வைத்துப் படம் எடுத்தார். அண்டை வீட்டுப் பிள்ளையைப் போன்ற முகமே அவருக்குப் பலமானது. தங்களைப் போன்ற ஒருவர் திரையில் அழுவதையும் சிரிப்பதையும் மக்கள் பார்த்தனர்.

மேடைக் குரலும் வீட்டுக் குரலும்

அன்றைய மலாய் நடிகர்களில் பலர் பங்சாவான் மேடையிலிருந்து வந்தவர்கள். மேடையில் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி உரக்கப் பேச வேண்டும். கையை வீசிக் காட்ட வேண்டும். ஒலிபெருக்கி இல்லாத காலத்துப் பழக்கம் அது. தமிழ்த் திரையிலும் நாடகக் கம்பெனிகளிலிருந்து வந்தவர்களிடம் இதே பாணியைப் பார்க்கலாம்.

ரம்லி மேடை நாடகத்திலிருந்து வந்தவர் அல்லர். இசைக்குழுவிலிருந்து வந்தவர். வானொலி ஒலிவாங்கியின் முன் நின்று பாடிப் பழகியவர். ஒலிவாங்கி மெல்லிய குரலையும் வாங்கிக் கொள்ளும் என்பது அவருக்கு முன்பே தெரியும். ஆகவே கேமராவின் முன் வீட்டில் பேசுவதைப் போலப் பேசினார். சொல்லை எங்கே நிறுத்துவது, எங்கே தாழ்த்துவது என்பதில் பாடகரின் கணக்கு இருந்தது. ‘இயல்பான நடிப்பு’ என்று பின்னாளில் எல்லாரும் பாராட்டியதற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

பல ஆசான்கள், பல வேடங்கள்

பல வேடங்களில் அவர் தேர்ச்சி பெற்றதற்கு இயக்குநர்கள் மாறி மாறி வந்ததும் உதவியது. 1951இல் எஸ். ராமநாதன் ‘ஜுவித்தா’வை இயக்கினார். 1953இல் அவரே இயக்கிய ‘ஈபு’வில் தாயின் தியாகம்தான் கதை. தாயாக நெங் யத்திமாவும் மகனாக ரம்லியும் நடித்தனர். குடும்பப் பாசத்தை மையமாக வைத்த தமிழ்ப் படங்களைப் பார்த்தவர்களுக்கு இதன் போக்கு நன்றாகப் புரியும். பி.என். ராவ் 1953இல் ‘ஹுஜான் பானாஸ்’ படத்தைக் கொடுத்தார். 1955இல் அராபியக் கதைப் பாணியில் ‘அபு ஹாசான் பென்சூரி’யை எடுத்தார். சோக நாயகன், பாசமுள்ள மகன், கதைகளில் வரும் திருடன் என்று ஐந்தாறு ஆண்டுகளில் ரம்லி பல சட்டைகள் மாற்றினார்.

இந்த இயக்குநர்களின் வேலைமுறையும் கவனிக்க வேண்டியது. பல கதைகள் இந்தியப் படங்களின் சாயலில் வந்தன. இயக்குநர் கதையையும் காட்சிகளையும் ஆங்கிலத்தில் சொல்வார். ஜமில் சூலோங் போன்ற மலாய் உதவியாளர்கள் வசனத்தை மலாய்க்கு மாற்றுவார்கள். பாட்டும் நடனமும் கட்டாயம் உண்டு. குடும்பம், காதல், சோகம், சிறிது சிரிப்பு எல்லாம் ஒரே படத்தில் இருக்கும்.

இதில் குறையும் இருந்தது. உள்ளூர் மக்களின் பழக்கவழக்கம் தெரியாத இயக்குநர் எடுத்த காட்சியில் மலாய்க் கிராமம் மலாய்க் கிராமமாக இருக்காது. மலாய் இதழ்களிலும் கலைஞர்களிடையேயும் இந்த முணுமுணுப்பு எழுந்தது. எங்கள் கதையை நாங்கள் சொல்ல வேண்டும் என்ற அந்தக் குரலில் நியாயம் உண்டு. அதே வேளையில், பாட்டையும் கதையையும் பிரிக்க முடியாதபடி பின்னும் முறையை ரம்லி இந்தப் படங்களிலிருந்துதான் கற்றார். பின்னாளில் தாம் இயக்கிய படங்களிலும் அதைக் கைவிடவில்லை.

ரிக்‌ஷாக்காரர் கதை

1955இல் அந்த முணுமுணுப்புக்கு விடை கிடைத்தது. ‘பெனாரேக் பெச்சா’ படத்தை இயக்கும் பொறுப்பு ரம்லியிடம் வந்தது. அவருக்கு அப்போது வயது 26. கதையும் அவருடையதே.

பெச்சா என்பது மூன்று சக்கர ரிக்‌ஷா. அம்ரான் என்ற ஏழை ரிக்‌ஷாக்காரர், பணக்கார வீட்டுப் பெண் அசிசாவை முரடர்களிடமிருந்து காப்பாற்றுகிறார். இருவருக்கும் அன்பு மலர்கிறது. ஏழைகளைக் கண்டாலே ஆகாத தந்தை குறுக்கே நிற்கிறார். பணம் உள்ளவரைப் பணம் இல்லாதவர் நேருக்கு நேர் பார்த்துக் கேள்வி கேட்கும் படம் இது. அரண்மனைக் கதைகளுக்கும் மாளிகைக் கதைகளுக்கும் பழகியிருந்த திரையில் சேற்றுக் காலோடு ஓர் உழைப்பாளி நாயகனாக வந்தார். படம் பெரிய வெற்றி பெற்றது.

புக்கிட் மெர்தாஜாமில் ராஜ்ஹான்ஸின் காதில் விழுந்த அதே ‘அசிசா’ பாடல் இந்தப் படத்தில் இடம்பெற்றது. ஏழு ஆண்டுகளுக்கு முன் அவரை ஊரிலிருந்து கிளப்பிய பாட்டு, அவர் இயக்குநரான முதல் படத்தில் நாயகியின் பெயராகவும் வந்து நின்றது.

ஒரே படத்தில் அப்பாவும் மகனும்

இயக்குநரான பிறகும் பிறர் இயக்கத்தில் நடிப்பதை ரம்லி விடவில்லை. பாணி மஜும்தார் என்ற வங்காள இயக்குநரை ஷா நிறுவனம் அழைத்து வந்தது. கே.எல். சைகல் நடித்த ‘ஸ்ட்ரீட் சிங்கர்’ படத்தை 1938இல் இயக்கியவர் அவர். அவரது இயக்கத்தில் ‘ஹங் துவா’ வண்ணப் படமாக வந்தது. மலாக்கா வீரன் ஹங் துவாவாக ரம்லி நடித்து இசையும் அமைத்தார். 1956இல் ஹாங்காங்கில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் சிறந்த இசைக்கான விருது அதற்குக் கிடைத்தது.

அதே ஆண்டில் மஜும்தார் இயக்கிய ‘அனாக்கு சசாலி’யில் ரம்லிக்கு இரட்டை வேடம். ஹாசான் என்ற இசைக்கலைஞர் மனைவியை இழந்து ஒரே மகனைச் செல்லம் கொடுத்து வளர்க்கிறார். கேட்டதெல்லாம் கிடைத்து வளர்ந்த மகன் சசாலி கெட்டுப்போய்க் குற்றவாளியாகிறான். கடைசியில் பெற்ற தந்தையே போலீசை அழைக்க வேண்டிய நிலை. மென்மையான தந்தையாகவும் ஈரமற்ற மகனாகவும் ஒரே முகம் மாறி மாறி வரும். நிற்பதிலும் பார்ப்பதிலும் இருவரும் வேறு வேறு ஆட்கள். 1957இல் தோக்கியோவில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது ரம்லிக்குக் கிடைத்தது. நாயகனாகத் திரையில் காட்டவே தயங்கிய முகம் அது. ‘பக்தி’ வந்து ஏழே ஆண்டுகள் ஆகியிருந்தன.

அந்த 1957இல் ஜாலான் அம்பாஸில் வேலைநிறுத்தமும் நடந்தது. சம்பளமும் வேலை நிலையும் சரியில்லை என்று கலைஞர்கள் ‘பெர்சாமா’ என்ற தங்கள் சங்கத்தின் வழியே குரல் எழுப்பினர். முன்னணியில் நின்றவர்களில் ரம்லியும் ஒருவர். விருது வாங்கியவர் என்பதற்காகச் சக தொழிலாளிகளை விட்டு அவர் ஒதுங்கவில்லை. அதே ஆண்டில்தான் எஸ். சம்சுடின், அசிஸ் சத்தார் ஆகியோருடன் ‘புஜாங் லாப்போக்’ நகைச்சுவைப் படத்தை இயக்கி நடித்தார். அழவைத்தவர் வயிறு குலுங்கச் சிரிக்கவும் வைத்தார். 1963இல் மீண்டும் தோக்கியோ விழாவில், ‘ஈபு மெர்துவாக்கு’ படத்துக்காக, பல்துறைத் திறன் மிக்க கலைஞர் என்ற சிறப்பு விருதை ரம்லி பெற்றார்.

நம்மவர் நினைவில் இருக்க வேண்டியவை

1964இல் ரம்லி கோலாலம்பூருக்கு வந்து உலு கிளாங் மெர்டேக்கா படப்பிடிப்புக் கூடத்தில் பணியைத் தொடர்ந்தார். ஜாலான் அம்பாஸ் கூடம் 1967இல் மூடப்பட்டது. கோலாலம்பூரில் அவர் எடுத்த படங்களில் 1968இல் வந்த ‘கெரிமிஸ்’ நம்மவர்கள் தேடிப் பார்க்க வேண்டியது. மலாய் ஓவியர் ஒருவரும் லீலா என்ற இந்தியப் பெண்ணும் மணம் புரிந்து கொள்வதும், இரு வீட்டாரின் எதிர்ப்பும்தான் கதை. லீலாவாக நடித்தவர் சந்திரா சண்முகம். இந்தியர்களிடம் தொழில் கற்ற கலைஞர், இந்தியக் குடும்பத்தையே தம் கதைக்குள் கொண்டு வந்தார்.

1973 மே 29ஆம் தேதி, தமது 44ஆம் வயதில் ரம்லி காலமானார். கடைசி ஆண்டுகளில் அவரது படங்களுக்குப் பழைய வரவேற்பு இல்லை. அவர் மறைந்த பிறகுதான் சாலைக்கு அவர் பெயர் வந்தது. செத்தாபாக்கில் அவர் வாழ்ந்த வீடு நினைவகமானது. 1990இல் டான்ஸ்ரீ விருதும் வந்தது.

ரம்லியின் பெயரைச் சொல்லாத மலேசியர் இல்லை. ஆனால் அவரைக் கண்டெடுத்த ராஜ்ஹான்ஸையும், நாயகனாக்கிய எல். கிருஷ்ணனையும், பாசப் படங்களில் வளர்த்த எஸ். ராமநாதனையும் எத்தனை தமிழ்ப் பிள்ளைகளுக்குத் தெரியும்? இந்த நாட்டின் கலைக்கு நம் பங்கு என்ன என்று பள்ளியில் யாராவது கேட்டால், ரப்பரும் ரயில் பாதையும் போல இதையும் சொல்லலாம். மலாய்க் கலைஞனின் திறமையைக் கண்டு, தயங்கிய முதலாளியிடம் அவனுக்காகப் பேசிய ஒரு தமிழர் இருந்தார் என்பது இரு சமூகத்தாரும் சேர்ந்து நினைக்க வேண்டிய செய்தி.

அடுத்த முறை தொலைக்காட்சியில் பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஓடும்போது, பெயர்ப் பட்டியல் வரும் நேரத்தில் எழுந்து போகாமல் கடைசி வரி வரை பாருங்கள். இயக்கம் என்ற சொல்லுக்குப் பக்கத்தில் யார் பெயர் இருக்கிறது என்று வீட்டுப் பிள்ளைகளுக்கும் காட்டுங்கள்.